ராய் கிருஷ்ணா ஏன் ஐரோப்பாவுக்குப் போகவில்லை?

ஃபிஜி நாட்டுக் கால்பந்து ஆட்டக்காரர் ராய் கிருஷ்ணா கொல்கத்தாவிலும் பெங்களூரிலும் ஒடிஷாவிலும் அத்தனை கோல் போட்டாரே, அவ்வளவு திறமை இருந்தால் ஏன் ஐரோப்பா பக்கம் போகவில்லை, முன்னோர் இந்தியாவிலிருந்து போனவர்கள்தானே, இந்தியாவுக்காவது ஆடியிருக்கலாமே என்று கேட்டிருக்கிறீர்கள். கூடவே, 'ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப் பூ சர்க்கரை' என்று உங்கள் நண்பர் அவரை ஒரே வரியில் முடித்துவிட்டதாகவும் எழுதியிருக்கிறீர்கள். நண்பர் பழமொழியைத் தவறான ஆள்மேல் வீசிவிட்டார். ராய் கிருஷ்ணாவின் ஊரான லம்பாசாவில் சர்க்கரை ஆலைதான் ஊரையே நடத்துகிறது. அது கிடக்கட்டும். உண்மையில் நீங்கள் கேட்பது, ஒரு ஆட்டக்காரரின் தரத்தை அவர் எந்த லீகில் ஆடினார் என்பதை வைத்து அளக்கலாமா என்பதுதான். சிறுவர்களுக்குப் பயிற்சி கொடுப்பதும், கிளப்களுக்காக ஆட்ட வீடியோக்களை அலசிக் கொடுப்பதும்தான் என் பிழைப்பு. அந்த அனுபவத்தில் சொல்கிறேன், பெரிய நாட்டில் பிறந்தவர் விஷயத்தில் ஓரளவு அப்படி அளக்கலாம். குட்டித் தீவிலிருந்து வந்தவரை அப்படி அளந்தால் கணக்கு தப்பாகிவிடும், ஏனென்றால் அவருக்கு எந்தக் கதவு எந்த வயதில் திறந்தது என்பதும் அந்தக் கணக்கில் சேரும்.

முதலில் ஊரைப் பார்த்துவிடுவோம். ஃபிஜி மொத்தமே சுமார் 9 லட்சம் பேர். பெரிய தீவுகள் இரண்டு. தலைநகர் சுவாவும் விமான நிலையம் இருக்கிற நாந்தியும் விட்டி லெவு தீவில் இருக்கின்றன. கிருஷ்ணா 1987 ஆகஸ்டில் பிறந்த லம்பாசா இன்னொரு தீவான வனுவா லெவுவில் இருக்கிறது. அதாவது தீவு நாட்டுக்குள்ளேயே ஓரத்துத் தீவு. கரும்புக் காடு, ஆலை, சுப்ரைல் பார்க் என்கிற மைதானம், 'பாம்பாசிங்கா லயன்ஸ்' என்று ஊர்க்காரர்கள் தலையில் வைத்துக் கொண்டாடும் மாவட்ட அணி. தேசிய அணித் தேர்வுக்குப் போக வேண்டுமென்றால்கூட கடல் தாண்டித்தான் போக வேண்டும்.

ஃபிஜியில் கால்பந்துக்கு இருக்கிற இடமும் கொஞ்சம் விசித்திரமானது. நாட்டின் உயிர்மூச்சு ரக்பி. 2016 ரியோ ஒலிம்பிக்கில் செவன்ஸ் ரக்பியில் தங்கம் வாங்கியபோது அதற்காக 7 டாலர் நோட்டே அச்சடித்தார்கள், அந்த அளவுக்கு. கால்பந்து நெடுங்காலமாக இந்திய வம்சாவளியினரின் ஆட்டமாகத்தான் வளர்ந்தது. 1879 முதல் 1916 வரை ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலில் கொண்டுபோகப்பட்டவர்களின் பேரன் பேத்திகள் மாவட்ட அணிகளை நடத்தினார்கள். 1938இல் தொடங்கிய மாவட்டங்களுக்கிடையேயான சாம்பியன்ஷிப் இன்றைக்கும் அங்கே திருவிழா மாதிரி. நம் ஆட்களுக்கும் இதில் பங்கு உண்டு. தென்னிந்தியர்கள் 1903 முதல் போனவர்கள், அவர்கள் 1926இல் ஆரம்பித்த தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கம் பள்ளிக்கூடங்கள் நடத்துகிறது, கோயில்கள் நடத்துகிறது, ஆண்டு மாநாட்டில் கால்பந்துப் போட்டியும் நடத்துகிறது. இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், அங்கே ஆட்டத்துக்கு ஆர்வமும் கூட்டமும் பரம்பரையும் குறைவே இல்லை. இல்லாதது ஒன்றுதான், சம்பளம் வாங்கிக்கொண்டு முழுநேரமும் ஆடுகிற லீக். வேலைக்குப் போய்விட்டு வந்து ஆடுகிறவர்கள்தான் பெரும்பாலும்.

அப்படியொரு சூழலில் திறமையை வெளியே யாராவது பார்க்க வேண்டுமென்றால் தேசிய அணியின் ஆட்டங்கள்தான் ஒரே ஜன்னல். அந்த ஜன்னலும் எப்படிப்பட்டது என்பதற்கு ஒரு உதாரணம். 2010 உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் நியூசிலாந்தும் ஃபிஜியும் மோத வேண்டும். ஃபிஜியில் 2006இல் ராணுவக் கவிழ்ப்பு நடந்திருந்தது, நியூசிலாந்து தடைகள் போட்டிருந்தது. ஃபிஜி கோல்கீப்பர் சிமியோனே தமனிசாவுக்கு, ராணுவத்தோடு அவர் குடும்பத்துக்கு உறவு இருக்கிறது என்ற காரணத்தைக் காட்டி விசா மறுத்துவிட்டார்கள். ஃபிஃபா ஆட்டத்தைத் தள்ளி வைத்தது. கடைசியில் 2008 நவம்பரில், நியூசிலாந்தின் சொந்த மண் ஆட்டமாக எழுதப்பட வேண்டிய அந்த ஆட்டம் ஃபிஜியின் லவுட்டோக்காவில் நடந்தது. ஃபிஜி 2-0 என்று ஜெயித்தது, இரண்டு கோலும் 21 வயது கிருஷ்ணாவுடையது. நியூசிலாந்து அதற்குள் குழுவில் முதலிடத்தை உறுதி செய்துவிட்டதால் அவர்களுக்கு அது ஒன்றும் வாழ்வா சாவா இல்லைதான். ஆனாலும், பின்னாளில் தென்னாப்பிரிக்க உலகக் கோப்பையில் ஒரு ஆட்டத்திலும் தோற்காமல் திரும்பிய நாடு அது.

இப்படி ஒரு ஆட்டத்தை அர்ஜென்டினாவிலோ செனகலிலோ 21 வயதுப் பையன் ஆடியிருந்தால் அடுத்த வாரமே நாலு ஏஜெண்டுகள் வாசலில் நின்றிருப்பார்கள். கிருஷ்ணாவுக்கு வந்தது ஆக்லாந்தின் மேற்குப் பகுதிக் கிளப்பான வைட்டாகெரே யுனைடெட். ஓசியானியா, அதாவது நியூசிலாந்தும் பசிபிக் தீவு நாடுகளும் சேர்ந்த வட்டாரம், அந்த அளவில் நல்ல அணி, 2007, 2008 இரண்டு வருடமும் கண்டத்தின் சாம்பியன்ஸ் கோப்பையை வென்றது. ஆனால் நியூசிலாந்தின் அந்த லீக் அரைத் தொழில்முறை லீக், கோடையில் சில மாதம் மட்டும் நடக்கும், ஆட்டக்காரர்கள் வேறு வேலை பார்த்துக்கொண்டே மாலையில் பயிற்சிக்கு வருவார்கள். அங்கே அவர் கோலாகப் போட்டுத் தள்ளினார், அணி வரிசையாகப் பட்டங்கள் வென்றது, பிறகு கொஞ்ச காலம் ஆக்லாந்து சிட்டி. ஆஸ்திரேலியாவின் ஏ-லீகில் ஆடும் முழுநேரத் தொழில்முறை நியூசிலாந்துக் கிளப்பான வெலிங்டன் ஃபீனிக்ஸ் அவரை எடுத்தபோது 2014 ஜனவரி ஆகிவிட்டது. வயது 26.

என் தொழிலில் இந்த இடத்தில்தான் பேனாவைக் கீழே வைப்போம். ஒரு ஸ்ட்ரைக்கருக்கு, அதாவது கோல் போடும் முன்வரிசை ஆட்டக்காரருக்கு, 17லிருந்து 23 வரை உள்ள வருடங்கள் சாதாரணமானவை அல்ல. தினமும் தன்னைவிட வேகமான, கெட்டிக்கார டிஃபெண்டர்களோடு இடித்துப் பழகுகிற காலம் அது. வாரத்துக்கு ஐந்து ஆறு நாள் பயிற்சி, சாப்பாட்டை ஒருவர் கவனிப்பார், கால் பிடித்துக்கொண்டால் ஃபிசியோ இருப்பார், சனிக்கிழமை செய்த தப்பைத் திங்கட்கிழமை வீடியோவில் காட்டுவார்கள். கிருஷ்ணாவுக்கு அந்த வருடங்களில் கிடைத்தது மாவட்ட ஆட்டமும் அரைநேர லீகும். அதோடு பார்த்தால் அவர் பின்னால் எட்டிய உயரம் ஆச்சரியமானது.

சரி, நேராக ஐரோப்பாவுக்கே போயிருக்க முடியாதா? இங்கிலாந்து என்றால் பதில் தெளிவு, முடியாது. ஐரோப்பிய ஒன்றியத்துக்கு வெளியே இருந்து வருகிறவருக்கு அன்றைய விதிப்படி வேலை அனுமதி வேண்டுமென்றால் அவருடைய நாடு ஃபிஃபா தரவரிசையில் முதல் 70க்குள் இருக்க வேண்டும், பின்னாளில் அதை 50 ஆக்கினார்கள், அதற்கு மேல் நாட்டின் ஆட்டங்களில் பெரும்பகுதியை ஆடியிருக்கவும் வேண்டும். ஃபிஜி பெரும்பாலும் நூறுக்கு வெளியேதான் கிடந்திருக்கிறது. ஆக, பையன் எப்படி ஆடுகிறான் என்று பார்ப்பதற்கு முன்பே பாஸ்போர்ட்டைப் பார்த்துக் கோப்பை மூடிவிடுவார்கள். விலக்குக் கேட்டு மனுப் போடலாம்தான், அதைப் பல கோடி கொடுத்து வாங்கிய ஆளுக்குப் போடுவார்களே தவிர, லம்பாசாவிலிருந்து வந்த பையனுக்காக எந்தக் கிளப் போடும்?

பாஸ்போர்ட் எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு அதே பசிபிக் கடலில் சாட்சி இருக்கிறது. கிறிஸ்டியன் காரம்பூவைத் தெரிந்திருக்கும், 1998 உலகக் கோப்பை வென்ற பிரான்ஸ் அணியில் இருந்தவர், ரியல் மாட்ரிட்டில் ஆடியவர். அவர் பிறந்தது நியூ கலிடோனியாவின் லிஃபு தீவில். லம்பாசாவைவிடச் சின்ன இடம். ஆனால் அது பிரெஞ்சு ஆட்சிப்பகுதி, பதின்ம வயதிலேயே நாந்த் கிளப்பின் அகாடமிக்குப் போய்விட்டார், விசா என்ற பேச்சே இல்லை. தாஹிட்டியிலிருந்து போன மராமா வாஹிருவாவும் அப்படித்தான், நாந்த், நீஸ், லோரியான் என்று பிரெஞ்சு முதல் டிவிஷனில் வருடக்கணக்கில் ஆடினார், கோல் போட்டால் படகுத் துடுப்புப் போடுவது மாதிரி செய்து காட்டுவார். 2013 கான்ஃபெடரேஷன்ஸ் கோப்பையில் தாஹிட்டி நைஜீரியாவிடம் 6-1 என்று தோற்ற ஆட்டத்தில் அந்த ஒரு கோல் அவர் உதைத்த கார்னரில் வந்ததுதான். அந்த அணியிலேயே முழுநேரத் தொழில்முறை ஆட்டக்காரர் அவர் ஒருவர்தான். ஒரே கடல், ஒரே மாதிரி தீவுகள். ஒரு பக்கத்துப் பையன்களுக்கு மட்டும் பாரிஸ் வரை கதவு திறந்தே இருந்தது.

பாஸ்போர்ட் இல்லாமலும் சிலர் போயிருக்கிறார்கள், இல்லையென்று சொல்லவில்லை. ட்வைட் யார்க் இதற்கு நல்ல உதாரணம். டிரினிடாட் அண்ட் டொபேகோ என்ற நாட்டில் சின்னத் தீவான டொபேகோவைச் சேர்ந்தவர். 1989இல் ஆஸ்டன் வில்லா அணி கரீபியன் சுற்றுப்பயணம் போனபோது மேனேஜர் கிரஹாம் டெய்லரின் கண்ணில் பட்டார், அப்போது வயது 17. 1998இல் மான்செஸ்டர் யுனைடெட் அவரை 1.26 கோடி பவுண்டுக்கு வாங்கியது, அடுத்த வருடமே மூன்று பட்டங்கள். யார்க்கின் திறமையில் ஒரு சொட்டும் குறைக்கவில்லை, ஆனால் அந்த வருடம் வில்லா வேறெங்காவது சுற்றுப்பயணம் போயிருந்தால்? கரீபியனுக்கு இங்கிலீஷ் கிளப்கள் போவது வழக்கம், இங்கிலாந்தில் கரீபியர் சமூகமும் பெரிது. வனுவா லெவுவுக்கு எந்த ஐரோப்பிய முதல் டிவிஷன் மேனேஜர் போய் உட்கார்ந்து ஆட்டம் பார்த்தார்?

வெலிங்டனுக்கு வருவோம். குறுகிய ஒப்பந்தத்தில் சேர்ந்தார், ஆரம்பத்தில் பெரும்பாலும் விங்கில் ஓடவிட்டார்கள். வருடத்துக்கு வருடம் கோல் கூடிக்கொண்டே போனது. 2018-19இல் மார்க் ருடான் பயிற்சியாளராக வந்த சீசனில் முன்வரிசை முழுக்க அவரைச் சுற்றியே அமைந்தது, லீக் ஆட்டங்களில் 18 கோல், அதிக கோலுக்காக ஏ-லீகின் தங்கக் காலணி, அதற்கு மேல் லீகின் சிறந்த ஆட்டக்காரருக்கான ஜானி வாரன் பதக்கம். கிளப்பின் வரலாற்றில் அதிக கோல் போட்டவர் என்ற பெயரோடு கிளம்பினார். வயது 31.

அதே அணியில், அதே சீசனில், அவருக்குப் பின்னால் நடுக்களத்தில் ஆடிக்கொண்டிருந்த பையன் சர்ப்ரீத் சிங். ஆக்லாந்தில் பிறந்த பஞ்சாபி வம்சாவளி. 2019 கோடையில் அந்தப் பையனை பயர்ன் மூனிக் வாங்கியது, டிசம்பரில் புண்டஸ்லீகாவில் களமும் இறங்கினார். லீகின் சிறந்த ஆட்டக்காரர் கொல்கத்தாவுக்குப் போனார், அவருக்குப் பந்து போட்ட 20 வயதுப் பையன் மூனிக் போனான். உங்கள் கேள்விக்கு இதைவிடச் சுருக்கமான பதில் என்னிடம் இல்லை. கிளப்கள் இன்றைய ஆட்டத்தை வாங்குவதில்லை, இனி ஆடப்போகும் பத்து வருடத்தையும் மறுபடி விற்றால் வரும் காசையும்தான் வாங்குகின்றன. 31 வயது ஸ்ட்ரைக்கரில் அந்த லாபக் கணக்கு இல்லை.

இடையில் ரியோவைச் சொல்லாமல் விட முடியாது. 2016 ஒலிம்பிக்குக்கு ஃபிஜியின் 23 வயதுக்குட்பட்ட அணி தகுதி பெற்றதே ஒரு கூத்து. 2015இல் பப்புவா நியூ கினியில் நடந்த தகுதிப் போட்டியில் தகுதியில்லாத ஆட்டக்காரரை இறக்கியதற்காக நியூசிலாந்தை வெளியேற்றிவிட்டார்கள், இறுதியில் ஃபிஜி வனுவாட்டுவை பெனால்ட்டியில் ஜெயித்தது. வயது தாண்டியவர்கள் மூன்று பேரைச் சேர்க்கலாம் என்பதால் கிருஷ்ணா கேப்டனாகப் போனார், எட்டு வருடத்துக்கு முன்னால் விசா மறுக்கப்பட்ட அதே தமனிசாவ் கோல்கீப்பராகப் போனார். தென் கொரியாவிடம் 8-0, ஜெர்மனியிடம் 10-0. நடுவில் மெக்சிகோவோடு சால்வடாரில் ஆடிய ஆட்டத்தில் 10ஆவது நிமிடமே கிருஷ்ணா தலையால் முட்டி கோல் போட்டார். முந்தைய ஒலிம்பிக்கின் தங்கப் பதக்க அணி, இடைவேளை வரை பின்தங்கி நின்றது. முடிவில் 5-1 என்று ஜெயித்தார்கள் என்பது வேறு விஷயம். உள்ளூர் வேலை பார்த்துக்கொண்டு ஆடும் பையன்களோடு நின்று அந்தக் கோலைப் போட்டாரே, அதற்கு என் கணக்கில் ஏ-லீகில் போட்ட நாலைந்து கோலுக்கு மேல் மதிப்பு.

இந்தியக் காலம் உங்களுக்கே நன்றாகத் தெரியும், ஆனால் ஒரு விஷயத்தைப் பலர் கவனித்திருக்க மாட்டார்கள். 2019-20 இந்தியன் சூப்பர் லீகில் (ஐ.எஸ்.எல்.) கொல்கத்தா கிளப்பான ஏ.டி.கே.க்காக 15 கோல், அது லீகிலேயே அதிகம், ஆனால் வால்ஸ்கிஸும் ஒக்பெச்சேயும் அதே 15, தங்கக் காலணி நம் சென்னையின் வால்ஸ்கிஸுக்குப் போனது. 2020-21இல் 14 கோல், இகோர் அங்குலோவும் 14, காலணி அங்குலோவுக்கு. 2023-24இல் ஒடிஷாவுக்காக 13 கோல், டயமண்டாகோஸும் 13, காலணி டயமண்டாகோஸுக்கு. மூன்று முறை உச்ச எண்ணிக்கையில் நின்றும், மற்றவர்கள் அசிஸ்ட்டிலோ ஆடிய நிமிடங்களிலோ முந்திக்கொண்டதால் ஒருமுறைகூடக் கிடைக்கவில்லை. 2020-21இல் லீகின் சிறந்த ஆட்டக்காரருக்கான தங்கப் பந்து மட்டும் வந்தது. முதல் சீசனில் கோப்பையும் உண்டு, 2020 மார்ச்சில் கொரோனாவால் ஆளே இல்லாத ஃபட்டோர்டா மைதானத்தில் சென்னையினை 3-1 என்று ஏ.டி.கே. ஜெயித்த அந்த இறுதி ஆட்டத்தைச் சென்னை ரசிகர்கள் யாரும் மறந்திருக்க மாட்டார்கள், ஞாபகப்படுத்தியதற்கு மன்னியுங்கள். ஐ.எஸ்.எல்.லில் முதன்முதலாக நடந்த கொல்கத்தா டெர்பியின் (ஊரின் இரண்டு பெரிய அணிகள் மோதும் ஆட்டம்) முதல் கோலும் அவருடையதுதான்.

வெளிநாட்டு ஆட்டக்காரர் இடம் என்பதும் லேசான விஷயமில்லை. 2021-22இலிருந்து ஐ.எஸ்.எல். களத்தில் ஒரு சமயத்தில் நாலு வெளிநாட்டவர்தான், பதிவில் ஆறு பேர், அப்போது அதில் ஒருவர் ஆசியக் கூட்டமைப்பு நாட்டவராக இருந்தாக வேண்டும் என்ற விதியும் இருந்தது. ஆஸ்திரேலியா 2006இலேயே ஆசியக் கூட்டமைப்புக்கு மாறிவிட்டதால், வெலிங்டனிலிருந்து கூடவே கொல்கத்தாவுக்கு வந்த டேவிட் வில்லியம்ஸ் அந்த ஆசிய இடத்தில் உட்கார முடிந்தது. ஃபிஜி ஓசியானியா, அந்தச் சலுகை கிடைக்கவில்லை. பிரேசில்காரரோடும் ஸ்பெயின்காரரோடும் அதே இடத்துக்குத்தான் கிருஷ்ணா போட்டி போட வேண்டியிருந்தது. அப்படியிருந்தும் 36 வயதில் ஒரு கிளப் அந்த இடத்தை அவருக்குக் கொடுத்தது, அவரும் 13 கோல் போட்டுக் காட்டினார்.

அவருடைய ஆட்டத்தில் என்னதான் விசேஷம் என்று கேட்டால், பந்து இல்லாத நேரத்தில் அவரைப் பாருங்கள் என்பேன். பந்து மறுபக்கம் இருக்கும்போது எதிரணியின் நடுத் தடுப்பாட்டக்காரரான சென்டர்-பேக்கின் முதுகுப் பக்கமாக நகர்ந்து, அவர் பந்தைப் பார்த்தால் ஆளைப் பார்க்க முடியாது, ஆளைப் பார்த்தால் பந்தைப் பார்க்க முடியாது என்கிற இடத்தில் போய் நிற்பார். பந்து கிளம்பும் கணத்தில் வெளியிலிருந்து உள்ளே வளைந்து ஓடுவார், நேர்கோட்டில் ஓட மாட்டார், அதனால் ஆஃப்சைடும் குறையும். அப்புறம் அந்த ஃபர்ஸ்ட் டச், வருகிற பந்தை முதலில் தொடும் விதம். தனக்கு முன்னால் தட்டிக்கொள்ளாமல், துரத்தி வருகிற டிஃபெண்டரின் ஓட்டத்துக்குக் குறுக்கே தட்டுவார். இனி டிஃபெண்டருக்கு இரண்டே வழி, காலை விட்டு விழவைக்க வேண்டும், இல்லையென்றால் ஓட்டத்தை நிறுத்த வேண்டும். அவருக்கு அத்தனை பெனால்ட்டி எப்படிக் கிடைக்கிறது, நடிக்கிறாரா என்று சிலர் கேட்பார்கள். இந்த ஒரு டச்சை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் விளங்கிவிடும். நான் பையன்களுக்கு இதைப் போட்டுக் காட்டுவேன், வேகம் பிறவியில் வரும், இது பழக்கத்தில் வரும்.

இதுவரை எழுதியது பெரும்பாலும் பதிவில் இருக்கிற விஷயம். இனி சொல்வது என் ஊகம், அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். 18 வயதில் ஒரு நல்ல அகாடமி கிடைத்திருந்தால் பெல்ஜியம், டென்மார்க், ஹாலந்து அளவுக்கு முதல் டிவிஷனில் வருடத்துக்குப் பத்துப் பன்னிரண்டு கோல் போடும் ஸ்ட்ரைக்கராக வந்திருப்பார் என்று நினைக்கிறேன். அதற்கு மேலே, அதாவது யார்க் நின்ற உயரத்துக்கு? தோன்றவில்லை. நெருக்கடியில் இடது காலால் முடிக்கும்போது ஒரு கணம் தாமதிப்பார், முதுகைக் காட்டிப் பந்தை வாங்கிக் காப்பாற்றுவது அவருடைய பலமில்லை, பெரிய லீகின் டிஃபெண்டர்கள் அந்த ஒரு கணத்தைக் கொடுக்க மாட்டார்கள். ஆனால் இதுகூட 26 வயதுக்குப் பிறகு பார்த்த ஆட்டக்காரரை வைத்துச் சொல்வதுதான், சின்ன வயதில் சரியான கைகளில் இருந்திருந்தால் இடது கால் தாமதத்தை ஒரே வருடத்தில் சரி செய்திருப்பார்கள், பல பையன்களுக்கு அது நடந்து பார்த்திருக்கிறேன். சம்பளம் எவ்வளவு வாங்கினார் என்று பின்குறிப்பில் கேட்டிருந்தீர்கள், இணையத்தில் சுற்றுகிற தொகைகளெல்லாம் யாரோ சொன்னதுதான், கிளப்கள் ஒப்பந்தத் தொகையை வெளியிடுவதில்லை, அதனால் அதில் இறங்கவில்லை.

இந்தியாவுக்கு ஆடியிருக்கலாமே என்பதற்குப் பதில் சட்டத்தில் இருக்கிறது. இரண்டு பூட்டு. ஒன்று, இந்தியா இரட்டைக் குடியுரிமை தருவதில்லை, வெளிநாட்டு வம்சாவளியினருக்குத் தரும் ஓ.சி.ஐ. அட்டை குடியுரிமை ஆகாது, இந்திய பாஸ்போர்ட் இருந்தால்தான் இந்திய அணியில் ஆட முடியும். அதற்காக அவர் தன் சொந்தப் பாஸ்போர்ட்டை விட வேண்டும். அப்படி விட்டிருந்தாலும் இரண்டாவது பூட்டு திறக்காது. ஒரு நாட்டுக்காக உலகக் கோப்பைத் தகுதிச் சுற்று மாதிரியான ஆட்டங்களில் தொடர்ந்து ஆடியவர் வேறு நாட்டுக்கு மாற ஃபிஃபா அனுமதிப்பதில்லை. 2020இல் விதியைத் தளர்த்தினார்கள், ஆனால் 21 வயதுக்கு முன்னால் மூன்று ஆட்டத்துக்கு மேல் ஆடாதவர்களுக்குத்தான் அந்தச் சலுகை. கிருஷ்ணாவோ ஃபிஜிக்காக 30 கோலுக்கு மேல் போட்டு, அந்த நாட்டின் வரலாற்றிலேயே அதிக கோல் போட்டவர். பெங்களூரு எஃப்.சி.யின் ரயான் வில்லியம்ஸ் 2025இல் ஆஸ்திரேலிய பாஸ்போர்ட்டை விட்டுவிட்டு இந்தியர் ஆனாரே என்று கேட்பீர்கள். அவர் ஆஸ்திரேலியாவுக்கு ஆடியது ஒரே ஒரு நட்பு ஆட்டம், அதனால் அவருக்கு அந்தப் பூட்டு இல்லை. அதெல்லாம் போக, ஃபிஜி அணியின் கேப்டனைப் பார்த்து நீங்கள் ஏன் இந்தியாவுக்கு ஆடவில்லை என்று கேட்பதே எனக்குச் சங்கடமாக இருக்கிறது. கொள்ளுத்தாத்தா கப்பலேறியவர் என்பதால் பேரனின் நாடு மாறிவிடுமா என்ன?

இனி வருகிற பையன்களுக்கு நிலைமை கொஞ்சம் மாறும் என்று தோன்றுகிறது. 2026 ஜனவரியில் ஓசியானியாவுக்கென்று ஒரு தொழில்முறை லீக் எட்டு அணிகளோடு தொடங்கியிருக்கிறது, ஃபிஜியிலிருந்து புலா எஃப்.சி., மற்றபடி சாலமன் தீவுகள், வனுவாட்டு, தாஹிட்டி, பப்புவா நியூ கினி, நியூசிலாந்து, ஆஸ்திரேலிய அணிகள். உலகக் கோப்பையிலும் ஓசியானியாவுக்கு இப்போது நேரடியாக ஒரு இடம் உண்டு, அதை முதல் தடவை நியூசிலாந்தே எடுத்துக்கொண்டது. இந்த லீக் எத்தனை வருடம் தாக்குப் பிடிக்கும் என்பது பணத்தைப் பொறுத்தது, தூரம் அங்கே பெரிய செலவு, ஒவ்வொரு அணியையும் விமானத்தில் ஏற்றி இறக்க வேண்டும். ஆனால் லம்பாசாவில் இன்று 17 வயதில் ஒரு பையன் இருந்தால், அவனுக்கு ஒப்பந்தமும் தினசரிப் பயிற்சியும் தன் நாட்டிலேயே கிடைக்க வாய்ப்பிருக்கிறது. கிருஷ்ணா அந்த இடத்துக்கு வர ஒன்பது வருடம் கூடுதலாகக் காத்திருந்தார்.

உங்கள் நண்பருக்கு ஒரு ஆட்டத்தைக் காட்ட வேண்டுமென்றால் கோல் தொகுப்பு வேண்டாம், 2023 மார்ச் 18 ஐ.எஸ்.எல். இறுதி ஆட்டத்தை முழுசாகப் போடுங்கள், பெங்களூருவும் ஏ.டி.கே. மோகன் பகானும். காரைக்குடிப் பக்கம் கண்டனூர்ப் பையன் சிவசக்தி கிருஷ்ணாவோடு முன்வரிசையில் தொடங்கினார், அந்த சீசனின் வளரும் ஆட்டக்காரர் விருது பெற்றவர், பாவம், ஆரம்ப நிமிடங்களிலேயே அடிபட்டு வெளியேறினார், சேத்ரி உள்ளே வந்தார். 14ஆவது நிமிடம் தன் பழைய அணிக்கு எதிராகப் பெனால்ட்டிப் பெட்டிக்குள் கிருஷ்ணாவின் கையில் பந்து பட்டு பெனால்ட்டி, கோல். அதற்குப் பிறகு ஒரு மணி நேரத்துக்கு மேல் அவர் எப்படி ஓடுகிறார், யாரைத் துரத்துகிறார், பின்னால் வந்து எத்தனை தடவை பந்தைப் பறிக்கப் பார்க்கிறார் என்று கவனிக்கச் சொல்லுங்கள், அப்போது அவருக்கு வயது 35. இடைவேளைக்கு முன்பே சேத்ரி சமன் செய்திருந்தார், 78ஆவது நிமிடம் கார்னரிலிருந்து தலையால் கிருஷ்ணாவே கோல் போட்டு பெங்களூருவுக்கு 2-1 ஆக்கினார். அப்புறம் மோகன் பகானின் பெட்ராடோஸ் இன்னொரு பெனால்ட்டியில் சமன் செய்து, ஷூட்-அவுட்டில் பெங்களூரு தோற்றது, முடிவைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம், முதல் பெனால்ட்டிக்கும் அந்தக் கோலுக்கும் நடுவில் உள்ள நேரத்தைப் பார்த்தால் போதும்.